பைலட்டுக்கு ஒரு கடிகாரம், டிரைவருக்கு ஒரு கடிகாரம்

2025 டிசம்பர் முதல் வாரத்தில் இண்டிகோ விமானங்கள் ஆயிரக்கணக்கில் ரத்தானது நினைவிருக்கும். பைலட்டுகளின் பணி நேரத்துக்கும் ஓய்வுக்கும் புது விதி வந்திருந்தது. அதற்கேற்ற ஆள்பலத்தைக் கம்பெனி தயார் செய்து வைக்கவில்லை. பிளேன் நின்றுபோச்சு. எங்கள் ஆபீஸ் டிவியில் அந்தச் செய்தி ஓடிக்கொண்டிருந்தபோது ட்ரிப் ஷீட் கொடுக்க வந்த டிரைவர் அண்ணன் ஒருவர் நின்று பார்த்தார். வார ஓய்வு 36 மணி நேரத்திலிருந்து 48 மணி நேரமாக உயர்ந்தது என்று கீழே எழுத்து ஓடியது.

"ரெண்டு நாள் முழுசாவா? அப்ப அவங்க எப்பதான் தம்பி வேல பாப்பாங்க?"

கிண்டல் இல்லை. நிஜமாகவே தெரியாமல்தான் கேட்டார்.

"உங்களுக்கும் சட்டம் போட்டாங்கண்ணே. ஒரு நாளைக்கு எட்டு மணி நேரம். வாரத்துல ஒரு நாள் லீவு" என்றேன்.

"யாரு சொன்னா?"

"1961லயே சொல்லிட்டாங்க."

"எங்கிட்ட யாரும் சொல்லலையே" என்று சிரித்தபடி டீசல் பில்லை மேஜையில் வைத்துவிட்டுப் போனார்.

இந்த வலைப்பதிவுக்குப் புதிதாக வந்தவர்களுக்கு: நான் கொருக்குப்பேட்டையில் கத்திவாக்கம் நெடுஞ்சாலையை ஒட்டிய ஒரு சின்ன டிரான்ஸ்போர்ட் ஆபீஸில் கணக்கு எழுதுகிறவன். விரல் விட்டு எண்ணிவிடக்கூடிய ட்ரெய்லர்கள் எங்களிடம் ஓடுகின்றன. துறைமுகத்துக்கும் தொழிற்சாலைகளுக்கும் நடுவே கன்டெய்னர் இழுப்பதுதான் தொழில். ஓனரே ஒரு காலத்தில் ஸ்டியரிங் பிடித்தவர். அதனால் முதலாளியைத் திட்டும் பதிவாக இது இருக்காது. டிரைவர்களைக் குறை சொல்லும் பதிவாகவும் இருக்காது. திட்டு வாங்கவேண்டிய ஆட்கள் வேறு இடத்தில் இருக்கிறார்கள்.

முதலில் சட்டத்தைப் பார்த்துவிடுவோம். மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர்கள் சட்டம், 1961. 2025 நவம்பர் வரை இருந்தது இதுதான். ஒரு நாளைக்கு 8 மணி நேரம், வாரத்துக்கு 48 மணி நேரம், அதற்கு மேல் வேலை வாங்கக் கூடாது. தொலைதூர ஓட்டம், திருவிழாக் காலம் என்றால் அதிகாரியிடம் அனுமதி பெற்று 10 மணி நேரம், வாரத்துக்கு 54 வரை போகலாம். தொடர்ந்து 5 மணி நேரம் வேலை பார்ப்பதற்குள் அரை மணி நேரமாவது இடைவேளை விட வேண்டும். இன்று வேலை முடிந்து நாளை வேலை தொடங்குவதற்குள் ஒரே மூச்சாக 9 மணி நேரம் ஓய்வு தர வேண்டும். இடைவேளைகளைச் சேர்த்தாலும், வேலை தொடங்கிய நேரத்துக்கும் முடிந்த நேரத்துக்கும் நடுவே 12 மணி நேரம் தாண்டக் கூடாது. ஏழு நாளில் ஒரு நாள் விடுமுறை. கூடுதல் நேரத்துக்கு இரட்டைச் சம்பளம். 1988 மோட்டார் வாகனச் சட்டத்தின் 91ஆம் பிரிவும் டிரைவர்களின் நேரம் இந்தச் சட்டப்படிதான் என்று கை காட்டிவிட்டது.

வாசிக்க வாசிக்க ஆசையாக இருக்கிறது, இல்லையா? அந்தச் சட்டத்தை மீறினால் மூன்று மாதம் வரை சிறை அல்லது 500 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்று இருந்தது. 1961ல் 500 ரூபாய் பெரிய தொகைதான். இன்று ஒரு ட்ரெய்லர் டயருக்கு ஒட்டுப் போட்டு, காற்றடித்து, டீ குடித்தால் அந்தக் காசு தீர்ந்துவிடும். அந்த அபராதத்தையும் கட்டியதாக ஒரு ஓனரை இந்தப் பேட்டையில் நான் பார்த்ததில்லை.

சரி, ஒரு கன்டெய்னரின் பின்னால் போய்ப் பார்ப்போம்.

ஏற்றுமதி லோடு. சாயங்காலம் கிளியரிங் ஏஜென்டிடமிருந்து வாட்ஸ்அப்பில் புக்கிங் நம்பர் வரும். டிரைவர் மணலி பக்கமோ மாதவரம் பக்கமோ உள்ள யார்டுக்குப் போய் எம்டி, அதாவது காலிப் பெட்டி, எடுக்க வேண்டும். அங்கே ஒரு வரிசை. உள்ளே போனதும் கொடுத்த பெட்டியைத் தலையை ஆட்டி வாங்கிவிட முடியாது. கதவை மூடிக்கொண்டு உள்ளே நின்று கூரையில் ஓட்டை தெரிகிறதா, வெளிச்சம் வருகிறதா என்று பார்க்க வேண்டும். ரப்பர் கிழிந்திருந்தால், தரைப் பலகை நனைந்திருந்தால் வேறு பெட்டி கேட்க வேண்டும். இல்லாவிட்டால் கம்பெனியில் பெட்டியைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள், அந்த நடை நஷ்டம் நம் தலையில். எம்டி கிடைத்து வெளியே வர நடுராத்திரி ஆகிவிடும். பிறகு வெளிவட்டச் சாலை பிடித்து ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம். விடியற்காலையில் கம்பெனி வாசலில் போய் நின்றால், "சரக்கு இன்னும் பேக்கிங்ல இருக்கு, ஓரமா போடு" என்பார் செக்யூரிட்டி.

அந்த "ஓரமா போடு" இரண்டு மணி நேரமாகவும் இருக்கலாம், பத்து மணி நேரமாகவும் இருக்கலாம். எவ்வளவு என்று முன்கூட்டி யாரும் சொல்லமாட்டார்கள். சொன்னால் அவர் நிம்மதியாகப் படுத்துவிடுவார். தெரியாததால் செல்போனை மார்பில் வைத்துக்கொண்டு கோழித் தூக்கம். பெயரைக் கூப்பிட்டு ஆள் இல்லையென்றால் அடுத்த வண்டியை உள்ளே விட்டுவிடுவார்கள்.

சரக்கு ஏறி, சீல் போட்டு, திரும்பக் கிளம்பும்போது மறுநாள் மதியம். இங்கிருந்துதான் கடிகாரம் கழுத்தைப் பிடிக்கும். கப்பலுக்குக் கட் ஆஃப் என்று ஒரு நேரம் உண்டு. அதற்குள் பெட்டி துறைமுகத்துக்குள் போகவில்லையென்றால் கப்பல் நமக்காக நிற்காது. ஆனால் கனரக வண்டிகளுக்கு நகரச் சாலைகளில் பகலில் நோ என்ட்ரி. ஓரமாகப் போட்டுக் காத்திருந்து, இருட்டியதும் கிளம்பு என்பது போலீஸ் விதி. பகலில் சித்திரை வெயிலில் தகரக் கேபினுக்குள் தூங்கு, ராத்திரி முழுக்கக் கண் விழித்து ஓட்டு என்று அதற்கு அர்த்தம். வேலை நேரச் சட்டம் எழுதியதும் அரசுதான்.

துறைமுகத்துக்குள் போவதற்கான ஃபார்ம் 13 கைக்கு வந்தபின் எண்ணூர் நெடுஞ்சாலை. திருவொற்றியூர், தண்டையார்பேட்டை, காசிமேடு பக்கம் இருப்பவர்களுக்கு நான் வரிசையைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். ஒரு பக்கம் கடல் அரிப்பைத் தடுக்கப் போட்ட பாறைகள், மறுபக்கம் வீடுகள், நடுவில் துறைமுகத்தின் ஜீரோ கேட்டை நோக்கி ட்ரெய்லர்கள் கிலோமீட்டர் கணக்கில் நிற்கும். இந்தப் பக்கத்துச் சாலைகளை அகலப்படுத்தும் எண்ணூர் - மணலி சாலை மேம்பாட்டுத் திட்டம் எத்தனையோ வருடம் இழுத்தடித்தது. அந்தக் காலத்தில் நாள்கணக்கில் வரிசையிலேயே இருந்தவர்கள் உண்டு. இப்போது பழைய மோசம் இல்லை என்பது உண்மை. காட்டுப்பள்ளி, எண்ணூர் காமராஜர் துறைமுகம் என்று பெட்டிகள் பிரிந்து போகின்றன. ஆனாலும் ஸ்கேனர் பழுது, சர்வர் மெதுவாக இருக்கிறது, இரண்டு கப்பலுக்கு ஒரே நாளில் கட் ஆஃப் என்று ஏதாவது ஒன்று நடந்தால் வரிசை மறுபடி முளைத்துவிடும்.

மதுரவாயல் - துறைமுகம் மேம்பாலச் சாலை வந்தால் எல்லாம் சரியாகும் என்று எங்கள் ஓனர் சொல்லிக்கொண்டே இருப்பார். 2009ல் மன்மோகன் சிங் அடிக்கல் நாட்டினார். 2012ல் கூவத்தில் தூண் நிற்கிறது என்று மாநில அரசு வேலையை நிறுத்தியது. 2022 மே மாதம் இரண்டடுக்குப் பாலமாக மோடி மறுபடி அடிக்கல் நாட்டினார். இதற்குள் ஓனரின் பிள்ளை பள்ளிக்கூடம் முடித்து, கல்லூரி முடித்து, இப்போது வேலைக்கும் போகிறான்.

வரிசையில் டிரைவர் என்ன செய்கிறார்? தூங்கலாமே என்று என்னிடம் நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள். முடியாது. முன்வண்டி இரண்டு வண்டி நீளம் நகரும். கியர் போட்டு நகர்த்தி மறுபடி ஹேண்ட் பிரேக். கால் மணி நேரத்திலோ முக்கால் மணி நேரத்திலோ மறுபடி நகரும். கண் அசந்து இடைவெளி விட்டால் பக்கத்திலிருந்து ஒருவன் மூக்கை நுழைத்துவிடுவான், பின்னால் இருப்பவர்கள் ஹாரனாலேயே திட்டுவார்கள். முன்பு கிளீனர் பையன் இருந்தான், இவர் சாய்ந்தால் அவன் பார்த்துக்கொள்வான். இப்போது பெரும்பாலான ட்ரெய்லர்களில் கிளீனர் கிடையாது, கட்டுப்படியாகவில்லை. சிறுநீர் கழிக்கப் பாறைப் பக்கம். அதற்கு மேல் அவசரம் என்றால் வண்டியை யாரிடம் விட்டுவிட்டுப் போவது? டீ மட்டும் சைக்கிளில் வரும்.

இதில் எது வேலை, எது ஓய்வு? இந்த இடத்தில்தான் 1961 சட்டத்தில் எனக்குத் தெரிந்து யாரும் பேசாத ஒரு வரி இருந்தது. "வேலை நேரம்" என்றால் என்ன என்று சட்டம் சொல்லும்போது, வண்டி ஓடும் நேரம், அதைச் சார்ந்த வேலைகள், இவற்றோடு முனையங்களில் சும்மா காத்திருக்கும் நேரம் 15 நிமிடத்துக்குக் குறைவாக இருந்தால் அதையும் சேர்த்துக்கொள்கிறது. 15 நிமிடத்துக்குக் குறைவாக! பஸ்ஸை மனதில் வைத்து எழுதியது என்று படித்தவுடனே தெரிகிறது. பிராட்வே பஸ் ஸ்டாண்டில் அடுத்த டிரிப்புக்கு முன் கண்டக்டரும் டிரைவரும் வெற்றிலை போடும் நேரம் அது. அந்த அளவுகோலை ஜீரோ கேட்டுக்குக் கொண்டுவந்தால் என்ன ஆகும்? எட்டு மணி நேரம் வரிசையில் நின்றவரைப் பார்த்து, "நீ சும்மாதானே இருந்தாய்" என்று சொல்ல வழி கிடைக்கும். முதலாளியின் உத்தரவுக்குக் கட்டுப்பட்டு இருக்கும் நேரமெல்லாம் வேலை நேரம் என்றும் அதே வாக்கியம் தொடங்குகிறது, வண்டியை நகர்த்திக்கொண்டே இருப்பது சும்மா இருப்பதும் அல்ல. வக்கீல் வைத்து வாதாடினால் டிரைவர் ஜெயிக்கக்கூடும். எந்த டிரைவர் வக்கீல் வைத்திருக்கிறார்?

ஐரோப்பாவில் இதற்கு ஒரு விதி வைத்திருக்கிறார்கள், எனக்கு ரொம்பப் பிடித்தது. காத்திருப்பு எவ்வளவு நேரம் என்று டிரைவருக்கு முன்பே தெரிந்திருந்தால்தான் அதை வேலையிலிருந்து கழிக்கலாம். எப்போது கூப்பிடுவார்கள் என்று தெரியாமல் உட்கார வைத்தால் அது வேலை நேரம். ஒரகடம் செக்யூரிட்டியின் "ஓரமா போடு" அங்கே போனால் சம்பளக் கணக்கில் ஏறும்.

கேட்டுக்கு உள்ளே நிலைமை என்ன என்று பாருங்கள். துறைமுகம் இருபத்து நான்கு மணி நேரமும் ஷிப்ட் முறையில் ஓடுகிறது. கிரேன் ஓட்டுகிறவர் தன் ஷிப்ட் முடிந்ததும் இறங்கிவிடுவார், அடுத்தவர் ஏறுவார். கப்பலில் இருக்கும் மாலுமிக்குச் சர்வதேச ஒப்பந்தப்படி 24 மணி நேரத்தில் குறைந்தது 10 மணி நேரம் ஓய்வு, அதைப் பதிவேட்டில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். கொருக்குப்பேட்டை யார்டில் சரக்கு ரயிலைக் கொண்டுவந்து நிறுத்தும் லோகோ பைலட்டுக்கும் ரயில்வே விதிப்படி பணி நேர வரம்பு இருக்கிறது. அதுவே போதவில்லை என்று அவர்கள் போராடுகிறார்கள், நியாயம்தான். ஒரே பெட்டி. அதைக் கப்பலில் தொடுகிறவருக்குக் கடிகாரம் உண்டு, கிரேனில் தொடுகிறவருக்கு உண்டு, ரயிலில் இழுப்பவருக்கு உண்டு. மணலி சாலை லெவல் கிராசிங்கில் அந்த ரயில் போகும்வரை காத்து நிற்கும் ட்ரெய்லர் டிரைவருக்கு மட்டும் கிடையாது.

2023 ஏப்ரலில் தொழிற்சாலைகளில் 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் மசோதாவைத் தமிழ்நாடு சட்டமன்றம் நிறைவேற்றியது ஞாபகமிருக்கிறதா? தொழிற்சங்கங்களும் ஆளுங்கட்சியின் கூட்டணிக் கட்சிகளுமே கொதித்தெழுந்தன. மே தினத்தன்று முதல்வர் மசோதாவைத் திரும்பப் பெறுவதாக அறிவித்தார். 1923ல் சிங்காரவேலர் இதே ஊரில் மே தினம் கொண்டாடிச் சரியாக நூறு வருடம் ஆகியிருந்தது. நல்ல விஷயம், சந்தோஷம். ஆனால் 2020ல் சேவ்லைஃப் என்ற சாலைப் பாதுகாப்பு அமைப்பு 10 நகரங்களில் லாரி டிரைவர்களிடம் எடுத்த கணக்கெடுப்பில், சராசரியாக ஒருவர் ஒரு நாளைக்கு ஓட்டுவது 11.9 மணி நேரம் என்று வந்தது. ஓட்டுவது மட்டும். ஏறக்குறைய பாதிப்பேர் அசதியோ தூக்கமோ வந்தாலும் ஓட்டுகிறோம் என்றார்கள். ஃபேக்டரிக்குள் வரவிடாமல் தடுத்த 12 மணி நேரம் ஃபேக்டரி வாசலில் பல காலமாக நின்றுகொண்டுதான் இருக்கிறது.

இனி எங்கள் பக்கக் கதை. ஓனர்கள் ஏன் எட்டு மணி நேரம் வைப்பதில்லை?

எங்களுக்கு வருமானம் நடைக் கணக்கு. டிரைவருக்கும் நடைக் கணக்கு. மாதச் சம்பளம் என்று ஒரு சிறு தொகை இருக்கலாம், மீதியெல்லாம் படி. ஒரு நடைக்கு ஆயிரம் ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த நடை ஒரு நாளில் முடிந்தாலும் ஆயிரம், வரிசையில் மாட்டி மூன்று நாள் ஆனாலும் ஆயிரம். அப்படியானால் வரிசையில் தொலைந்த நேரத்தை டிரைவர் எங்கே மீட்பார்? ரோட்டில்தான். தூக்கத்தில்தான். எட்டு மணி நேரத்துக்கு மேல் ஓட்டாதீர்கள் என்று நான் சொன்னால் முதலில் சண்டைக்கு வருபவரே அவர்தான். "எட்டு மணிக்கு மேல ஓட்டாதன்றியே தம்பி, கந்து கட்டறவன் எட்டு மணிக்கு மேல வராம இருப்பானா?" நேரத்தை மட்டும் குறைத்துக் கூலியைத் தொடாமல் விட்டால், சட்டம் அவர் சட்டைப்பையில்தான் கை வைக்கும்.

ஓனர் இரண்டு டிரைவர் போட்டால்? ஒரு காலத்தில் அது சட்டமாகவே இருந்தது. நேஷனல் பர்மிட் வண்டி என்றால் இரண்டு டிரைவர் வேண்டும், ஒருவர் ஓட்டும்போது மற்றவர் காலை நீட்டிப் படுக்கச் சீட் வேண்டும் என்று மத்திய மோட்டார் வாகன விதிகளில் இருந்தது. யாரும் கடைப்பிடிக்கவில்லை. கடைசியில் 2018 நவம்பரில் விதியையே எடுத்துவிட்டார்கள். அதே 2018 ஜூலையில்தான் லாரிகள் ஏற்றக்கூடிய எடையையும் உயர்த்தினார்கள். சுமை கூடியது, ஆள் குறைந்தது, இரண்டும் ஒரே வருடத்தில்.

வண்டிக்கு மாதத் தவணை நிற்பதில்லை. வண்டி நின்றாலும் ஓடினாலும் ஐந்தாம் தேதி பேங்க்காரன் எடுத்துக்கொள்வான். வாடகையைப் பேசுகிற இடத்தில் எங்களுக்கு வாய் கிடையாது. பெரிய லாஜிஸ்டிக்ஸ் கம்பெனிகள் சொந்தமாக வண்டி வைத்துக்கொள்வதைக் குறைத்து எங்களைப் போன்றவர்களின் வண்டிகளை அட்டாச் போட்டுக்கொள்கிறார்கள். அவர்கள் பெயர் கன்டெய்னர் மேல் இருக்கும், ஆர்சி புக் எங்கள் பெயரில் இருக்கும், டிரைவர் எங்கள் ஆள். வேலை நேரச் சட்டம் யாரைத் தேடி வரும்? ஆர்சி புக்கில் இருப்பவரை. கட் ஆஃப் நேரத்தைக் குறித்தவரை இல்லை, சரக்கைப் பேக் பண்ணாமல் வண்டியை வரவழைத்தவரை இல்லை, கேட்டில் நிறுத்தியவரையும் இல்லை. என் ஆதங்கமெல்லாம் இந்த ஒரு இடத்தில்தான். டிரைவரின் நேரத்தைச் செலவழிப்பவர்கள் ஒரு கூட்டம், அந்த நேரத்துக்குப் பொறுப்பாளி என்று சட்டம் விரல் நீட்டுவது வேறொரு ஆளை.

அந்த விரலும் இப்போது மடங்கிவிட்டது. 1961 சட்டம் ஐந்து பேரும் அதற்கு மேலும் வேலை பார்க்கும் போக்குவரத்து நிறுவனங்களுக்குப் பொருந்தியது. 2025 நவம்பர் 21 அன்று நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்தன. அவற்றில் பணிப் பாதுகாப்பு பற்றிய தொகுப்பு, 1961 சட்டத்தைத் தனக்குள் விழுங்கிக்கொண்டது. எட்டு மணி நேரம் இருக்கிறது, கூடுதல் நேரத்துக்கு இரட்டைச் சம்பளம் இருக்கிறது, வேலை நியமனக் கடிதம் கட்டாயம், அபராதம் ஐந்நூறிலிருந்து லட்சங்களுக்கு ஏறியிருக்கிறது. ஆனால் பத்துப் பேர் வேலை பார்த்தால்தான் பொருந்தும். எங்கள் ஆபீஸ் ஐந்துக்கும் பத்துக்கும் நடுவில். கொருக்குப்பேட்டை, தண்டையார்பேட்டை, மணலி, மாதவரம் சுற்றி உள்ள பெரும்பாலான சின்ன ஆபீஸ்களும் அப்படித்தான். கணக்குப்பிள்ளையாக எனக்கு நிம்மதி, ஒரு ரெஜிஸ்டர் குறைவு. மனுஷனாகச் சொன்னால் கேவலம்.

வெளிநாட்டில் மட்டும் எல்லாம் ஒழுங்கா என்று கேட்பீர்கள். ஐரோப்பாவில் லாரியில் டாக்கோகிராஃப் என்ற கருவி பூட்டியிருக்கும். நாலரை மணி நேரம் ஓட்டினால் 45 நிமிடம் நிறுத்த வேண்டும், ஒரு நாளைக்கு 9 மணி நேரம், வாரத்தில் இரண்டு நாள் மட்டும் 10. போலீஸ்காரர் வண்டியை நிறுத்திக் கருவியைப் படித்தாலே பொய் தெரிந்துவிடும். அமெரிக்காவில் வேலை தொடங்கிய 14 மணி நேரத்துக்குள் 11 மணி நேரம் ஓட்டலாம். 2017 டிசம்பரிலிருந்து மின்னணுக் கருவி கட்டாயம். ஆனால் அங்கேயும் நம்மூர் நோய் இருக்கிறது. குடோன் வாசலில் லோடுக்காக நிற்கும்போதும் அந்த 14 மணி நேரம் கரைந்துகொண்டே இருக்கும், மைல் கணக்கில் கூலி வாங்கும் டிரைவர் கையைப் பிசைந்துகொண்டு நிற்பார். ஜப்பானில் 2024 ஏப்ரலிலிருந்து டிரைவர்களின் ஓவர்டைம் வருடத்துக்கு 960 மணி நேரம் என்று வரம்பு போட்டார்கள். சரக்கு போய்ச் சேராது, நாடே தடுமாறும் என்று முன்பே பயம். அந்தப் பயத்தில் அவர்கள் செய்த ஒரு காரியம் முக்கியம்: சரக்கை அனுப்புகிற, வாங்குகிற கம்பெனிகள் லாரியைக் காக்கவைக்கும் நேரத்தைக் குறைக்க வேண்டும் என்று அந்தக் கம்பெனிகள் பக்கமும் பொறுப்பை நகர்த்தினார்கள். நாம் இறக்குமதி செய்யவேண்டியது கருவியை இல்லை, இதைத்தான்.

நம்மூரில் கருவியைப் பற்றித்தான் பேச்சு அதிகம். பைலட்டுகளைப் போல லாரி டிரைவர்களுக்கும் நேரம் நிர்ணயிக்க வேண்டும், தூக்கத்தைக் கண்டுபிடிக்கும் சென்சார் பொருத்த வேண்டும் என்று 2021 செப்டம்பரிலேயே மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சர் கட்கரி சொன்னார். 2025 அக்டோபர் 1க்குப் பிறகு தயாராகும் லாரிகளுக்கு ஏசி கேபின் கட்டாயம். வரவேற்கிறேன். ஆனால் இன்ஜின் ஓடினால்தான் ஏசி ஓடும், வரிசையில் எட்டு மணி நேரம் இன்ஜின் ஓட டீசல் யார் கணக்கு என்று ஓனர்களைக் கேட்டால் பதில் தெரியும். எங்களிடம் இருப்பதெல்லாம் அதற்கு முந்தைய வண்டிகள், இன்னும் பல வருடம் அவைதான் ஓடும்.

நீதிமன்றம் ஒரு தட்டுத் தட்டியிருக்கிறது. கோயம்புத்தூர் எலும்பு முறிவு மருத்துவர் எஸ். ராஜசேகரன் 2012ல் சாலைப் பாதுகாப்புக்காக உச்ச நீதிமன்றத்தில் ஒரு பொதுநல வழக்குப் போட்டார். உடைந்த எலும்புகளை ஒட்டவைத்துச் சலித்துப்போய்ப் போட்டிருப்பார் என்று நானாக நினைத்துக்கொள்வேன். அந்த வழக்கில்தான் 2025 ஏப்ரலில், டிரைவர்களின் வேலை நேரச் சட்டத்தை எப்படி அமல்படுத்தப் போகிறீர்கள் என்று மாநிலங்களோடு உட்கார்ந்து பேசும்படி சாலைப் போக்குவரத்து அமைச்சகத்துக்கு உத்தரவு போனது. 1961 சட்டத்தை அமல்படுத்துவது பற்றி 2025ல் கூட்டம்.

ஒன்றைக் கவனித்திருக்கிறீர்களா? மத்திய அரசு வருடாவருடம் சாலை விபத்து அறிக்கை வெளியிடுகிறது. 2022ல் நாட்டில் இறந்தவர்கள் 1,68,491 பேர். விபத்துகளின் எண்ணிக்கையில் தமிழ்நாடு முதலிடம், 64,105. எந்த விதிமீறலால் என்று ஒரு பட்டியல் வரும்: அதிவேகம், குடிபோதை, எதிர்த்திசையில் ஓட்டியது, சிக்னலை மதிக்காதது, செல்போன். தூக்கத்துக்கு அதில் இடமில்லை. எழுதுகிற அதிகாரிக்கும் கஷ்டம்தான், செத்தவரை ஊதச் சொல்ல முடியாத மாதிரி அவர் எத்தனை மணி நேரம் விழித்திருந்தார் என்று பார்க்கவும் முடியாது. விடிகாலை மூன்று மணிக்கு நின்ற வண்டியில் போய் இடித்தவர் கணக்கு "அதிவேகம்" என்று மூடப்படும். முந்தின நாள் முழுக்க அவர் எந்த கேட்டில் நின்றார் என்று எஃப்ஐஆரில் இருக்காது.

இருக்க முடியும் என்பதுதான் எனக்கு எரிச்சல். வண்டியில் ஜிபிஎஸ் இருக்கிறது. ஃபாஸ்டேக் இருக்கிறது, எந்த டோலை எத்தனை மணிக்குத் தாண்டினார் என்று என் மேஜையிலிருந்தே எனக்குத் தெரியும். யார்டு கேட்டில் உள்ளே போன நேரமும் வெளியே வந்த நேரமும் சீட்டில் அச்சாகிறது. கம்பெனி செக்யூரிட்டி ரெஜிஸ்டரில் இன் டைம், அவுட் டைம் எழுதுகிறார். இந்தச் சீட்டுகளை வரிசையாக அடுக்கினால் ஒரு டிரைவரின் மூன்று நாள் அப்படியே தெரியும். இதெல்லாம் டீசல் திருட்டைப் பிடிக்கவும் தாமதத்துக்கு அபராதம் போடவும் பயன்படுகிறது. டிரைவருக்காக ஒருமுறைகூட யாரும் அடுக்கிப் பார்த்ததில்லை.

இதைப் படிப்பவர்களில் ஏற்றுமதி கம்பெனிகளிலும் கிளியரிங் ஆபீஸ்களிலும் வேலை பார்ப்பவர்கள் இருக்கிறீர்கள், பின்னூட்டங்களில் பார்த்திருக்கிறேன். உங்களிடம்தான் கேட்கிறேன். உங்கள் டிரான்ஸ்போர்ட் ஒப்பந்தத்தை எடுத்து ஹால்டிங், அதாவது வண்டியைக் காக்கவைக்கும் கட்டணம், பற்றிய வரியைப் படியுங்கள். பெரும்பாலும் 24 மணி நேரம் இலவசம், அதற்குப் பிறகு இவ்வளவு என்று இருக்கும். அந்த இலவசத்தைக் கொடுப்பது நீங்களோ ஓனரோ இல்லை, டிரைவர். அதை நான்கு மணி நேரமாகக் குறைக்கச் சொல்லுங்கள். ஹால்டிங் தொகையில் டிரைவருக்கு எவ்வளவு என்பதையும் அதே வரியில் எழுதச் சொல்லுங்கள். எங்கள் பில்லில் ஏறிவிட்டால் நாங்கள் கொடுத்துவிடுவோம், ஏறாததை எங்களால் கொடுக்க முடியாது. சரக்கு தயாரான பிறகு வண்டியைக் கூப்பிடுங்கள். அது முடியாவிட்டால், எப்போது லோடு ஏறும் என்பதையாவது உண்மையாகச் சொல்லுங்கள், மனுஷன் படுத்துத் தூங்கட்டும்.

டிரைவர் அண்ணன்மாருக்கும் ஒரு வார்த்தை. அமைப்புசாரா ஓட்டுநர்கள் நல வாரியம் என்று தமிழ்நாடு அரசின் வாரியம் ஒன்று இருக்கிறது. விபத்து, இயற்கை மரணம், பிள்ளைகள் படிப்பு, ஓய்வூதியம் எல்லாவற்றுக்கும் அதில் உதவி உண்டு. லைசென்ஸ், ஆதார், பேங்க் புத்தகம் எடுத்துக்கொண்டு வாருங்கள். கத்திவாக்கம் நெடுஞ்சாலையில் டீக்கடைக்காரரிடம் கணக்குப்பிள்ளை என்று கேட்டால் ஆபீஸைக் காட்டுவார். ஞாயிற்றுக்கிழமை காலையில் நானே உட்கார்ந்து ஆன்லைனில் பதிவு செய்து தருகிறேன். காசு எதுவும் வேண்டாம்.